தாளிக்காத மசியல்

அந்தச் சனிக்கிழமை சாயங்காலம் அண்ணன் வீட்டு ஃப்ரிட்ஜ் கதவை ஏழு தடவை திறந்து பார்த்தேன். ஏழாவது தடவை மதினி பொறுக்கமாட்டாமல் கேட்டேவிட்டார்.

"ஏம்மா தவமணி, உள்ள பச்சப்புள்ளையவா தூங்கப் போட்டிருக்க? நிமிசத்துக்கு ஒருக்கா எட்டிப் பாக்குற?"

பிள்ளை இல்லை. மூடி போட்ட பெரிய எவர்சில்வர் சட்டி. அதற்குள் மூன்று கிலோ உருளைக்கிழங்கை வேகவைத்து, சல்லடையில் தேய்த்து, அரைக் கிலோ வெண்ணெயும் காய்ச்சிய பாலும் க்ரீமும் விட்டு நான் பிசைந்து வைத்திருந்த வெள்ளை மசியல். மறுநாள் மதியம் அது பதினைந்து இலைகளில் விழ வேண்டும். அதில் ஒரு இலை என் அண்ணனுடையது.

"கரண்டு போயிருமோன்னு பாக்குறேன் மதினி."

"கரண்டு போனா நீ கதவத் தொறந்தா வந்திருமா?"

நியாயமான கேள்விதான். ஆனால் நியாயத்தைக் கேட்டு அடங்குகிற ஆளாக நான் இருந்தால் இந்தத் தொடருக்கு எழுத விஷயமே இருந்திருக்காது. கொஞ்ச நேரம் கழித்து எட்டாவது தடவையும் திறந்தேன்.

கை நனைப்பது

எங்கள் பக்கத்தில் சம்பந்தம் பேசி முடியும்வரை மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டில் காபி, தண்ணீரோடு நிறுத்திக்கொள்வார்கள். எவ்வளவு பசித்தாலும் சோற்றில் கை வைக்கமாட்டார்கள். எல்லாம் ஒத்துவந்த பிறகு ஒரு நல்ல நாளில் வந்து உட்கார்ந்து சாப்பிடுவார்கள். அதற்குக் கை நனைப்பது என்று பெயர். கை நனைத்துவிட்டால் பேச்சு முடிந்தது. அதற்குப் பிறகு மாற்றிப் பேசினால் அது மனுசத்தனம் இல்லை.

அன்றைக்கு இரண்டு அப்பாக்களும் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்கார வேண்டும். இருவரும் ஒன்றாகக் கை வைத்த பிறகுதான் மற்றவர்கள் சாப்பிட ஆரம்பிப்பார்கள். பெண்ணைப் பெற்றவர் உட்காராமல் நின்றால், இவருக்கு இந்தச் சம்பந்தத்தில் மனசில்லையோ என்று ஆகிவிடும்.

என் அண்ணன் மகள் யாழினிக்கு டி. கல்லுப்பட்டிப் பக்கம் ஒரு விவசாயக் குடும்பத்தில் பையன் அமைந்திருந்தான். பையனுக்குச் சென்னையில் வேலை. தங்கமான பையன். ஒரு குறையும் இல்லை. பிரச்சினை எங்கள் பக்கத்தில்தான் இருந்தது. பெண்ணைப் பெற்றவர் உட்கார மாட்டேன் என்றார்.

கதவைச் சாத்திக்கொண்டு

அண்ணனை இந்தத் தொடரில் புதிதாகப் படிப்பவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் அப்பா வாழ்நாளெல்லாம் அடுத்தவன் வயலில் குனிந்து நிமிர்ந்தவர். அண்ணன் பதினைந்து வயதில் சித்தாளாகப் போய், கொத்தனாராகி, மேஸ்திரியாகி, பிறகு நாலைந்து பேரை வைத்துத் தானே வீடு கட்டிக் கொடுக்கிற அளவுக்கு வந்தார். கீழக்குயில்குடி போகிற ரோட்டில் தனக்கென்று ஒரு வீடு கட்டினார். சமையல்கட்டு ஜன்னலைத் திறந்தால் சமணர் மலை முழுசாகத் தெரியும். "பாத்திரம் கழுவும்போது உன் மதினிக்குப் போரடிக்கக் கூடாதுல்ல" என்றார் அப்போது.

சாரத்தில் நின்றுகொண்டே புகையிலையை அதக்குகிற பழக்கம் அவருக்கு. எத்தனையோ சண்டை போட்டாயிற்று. கடைசியில் வாயில் வந்த புண் வெறும் புண் இல்லை என்று தெரிந்தது. ஆபரேஷன், கரண்டு வைப்பது என்று சொல்கிற கதிர்வீச்சு எல்லாம் முடிந்து ஆள் பிழைத்தார். சாமி புண்ணியம். ஆனால் வாய் இரண்டு விரல் அளவுக்குத்தான் திறக்கும். காரம் ஆகாது, புளிப்பு ஆகாது, கடிக்க ஆகாது. சாப்பிடும்போது கடைவாய் ஓரம் கொஞ்சம் வழியும். அது அவருக்கே தெரியாது.

ஒருநாள் யாழினி பக்கத்தில் உட்கார்ந்து துண்டால் துடைத்துவிட்டாள். அன்றோடு சரி. அதற்குப் பிறகு உள்ளறையில் கதவைச் சாத்திக்கொண்டுதான் சாப்பிட்டார். ஆறு மாதம். மதினிகூட உள்ளே போகக் கூடாது. கிண்ணத்தை வைத்துவிட்டு வந்துவிட வேண்டும்.

ஐம்பது பேர் சூழ உட்கார்ந்து, "டேய், அவனுக்கு இன்னும் ரெண்டு கரண்டி ஊத்துடா" என்று சத்தம் போட்டே சாப்பிட்ட மனுசன் அவர். அந்தச் சாத்திய கதவைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வரும்.

சம்பந்தி வீட்டில் நோய் விஷயத்தை நாங்கள் மறைக்கவில்லை. அவர்களும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இவர்தான் முரண்டு பிடித்தார். நான் மூன்று நாள் விடாமல் நச்சரித்த பிறகு ஒரு வழிக்கு வந்தார்.

"உக்காருறேன்த்தா. ஆனா ஒண்ணு. எல்லார் இலையிலயும் என்ன இருக்கோ அதுதான் என் இலையிலயும் இருக்கணும். எனக்குன்னு தனியா ஒண்ணு வந்துச்சு, எந்திரிச்சுப் போயிருவேன். அப்பறம் என்னையக் கொற சொல்லக் கூடாது."

சொன்னால் செய்கிற ஆள். அதனால்தான் அவருக்கு ஆகிற மசியலைப் பதினைந்து பேருக்கும் சேர்த்துச் செய்தேன். சோற்றைக் கொஞ்சம் குழைய வடித்து, பருப்பு, நெய், இந்த மசியல், பாயசம் என்று வைத்துவிட்டால் அவருக்கு அது போதும். சாம்பாரும் அப்பளமும் வேண்டியவர்கள் வாங்கிக்கொள்வார்கள். யார் எதைத் தொடவில்லை என்று எவன் கவனிக்கப்போகிறான்?

போஸ்டர் ஒட்டுகிற பசை

இந்த மசியல் எங்கள் வீட்டுப் பண்டம் இல்லை. ஆஸ்பத்திரியில் சாப்பாட்டுச் சீட்டு எழுதிக் கொடுத்த பெண் சொன்னது. அண்ணன் எடை பாதியாகக் குறைந்திருந்த நேரம். "உருளைக்கிழங்கை நல்லா மசிச்சு, வெண்ணெய், க்ரீம் எல்லாம் தாராளமா சேருங்க. உடம்பு ஏறணும்" என்றாள். அந்தச் சீட்டை நான் லேமினேஷன் போட்டு ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டினேன்.

முதல் நாள் அவசரத்தில் மிக்ஸியில் போட்டு ஒரு சுற்று விட்டேன். உருளைக்கிழங்கை மிக்ஸியில் விட்டால் என்ன ஆகும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. இழுத்தால் இழுபடுகிறது. அண்ணன் கரண்டியைத் தூக்கிப் பார்த்தார். அதோடு கிண்ணமும் சேர்ந்து வந்தது.

"ஏத்தா, இத மதுரைக்குள்ள கொண்டு போனா நல்ல வெல போகும். போஸ்டர் ஒட்டுறவன் வரிசையில நிப்பான்."

அப்போது அவரால் சரியாகப் பேசக்கூட முடியாது. அந்த நிலைமையிலும் அந்த வாய்.

பிறகு படிப்படியாகக் கற்றுக்கொண்டு மதினிக்கும் சொல்லிக் கொடுத்தேன். கிழங்கைத் தோலோடு வேகவைக்க வேண்டும். வடித்தபின் சூட்டோடு சட்டியில் ஒரு புரட்டு புரட்டி ஈரத்தை விரட்ட வேண்டும். சல்லடையில் தேய்க்க வேண்டும். வெண்ணெயை முதலிலும், சூடான பாலைப் பிறகும் விட வேண்டும். முந்தின நாளே செய்து வைப்பதாக இருந்தால் வெண்ணெயும் க்ரீமும் இன்னும் கூடப் போட வேண்டும், குளிரில் இறுகிவிடும் என்பதால். மறுநாள் இட்லிப் பானையில் தண்ணீர் வைத்து, அதற்குள் சட்டியை இறக்கி ஆவியிலேயே சூடாக்கினால் புதிதாகச் செய்தது மாதிரியே இளகிவரும்.

அண்ணன் இதற்குக் கலவை என்று பேர் வைத்தார். கதவைச் சாத்துவதற்கு முன்னால் கிண்ணத்தில் கரண்டியால் ஒரு இழுப்பு இழுத்துப் பார்த்து, "இன்னைக்குத் தண்ணி கூடிருச்சு", "இன்னைக்கு மணல் ஜாஸ்தி" என்பார். ஒருநாளும் நல்லா இருக்கு என்று சொன்னதில்லை. கலவை சரியாக இருக்கிறது என்று எந்த மேஸ்திரி சொல்லியிருக்கிறார் என்று நானும் விட்டுவிட்டேன்.

சீட்டில் காரம் கூடாது என்று இருந்தது. அத்தோடு நான் நிறுத்தவில்லை. வீட்டில் தாளிக்கவே வேண்டாம் என்று மதினியிடம் சொல்லிவிட்டேன். மிளகாய் நெடி ஏறினால் அண்ணனுக்கு இருமல் வரும், இருமினால் புண் வலிக்கும் என்று காரணம் சொன்னேன். மதினி தாளிக்கிற கரண்டியைக் கழுவிக் கவிழ்த்து மேல்தட்டில் வைத்தார். நான் அதைப் பார்த்தேன். பார்த்துவிட்டு, சரி, சொன்னதைக் கேட்டுக்கொண்டார் என்று சந்தோஷப்பட்டேன்.

முந்திக்கொள்கிற வியாதி

எதையும் முன்கூட்டியே செய்யாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. பத்து மணி ரயிலுக்கு எட்டு மணிக்கே பிளாட்பாரத்தில் நிற்பேன். தீபாவளிக்கு ஆடி மாதமே துணி எடுத்துவிடுவேன். என் வீட்டுக்காரர் உயிரோடு இருந்தவரை, "உனக்குச் சாவு வந்தாலும் நீ முதல் நாளே போய் உக்காந்துக்குவ" என்று சிரிப்பார். கடைசியில் அவர்தான் முந்திக்கொண்டார்.

வேலையும் அதற்குத் தகுந்த மாதிரி அமைந்தது. கப்பலூரில் ரப்பர் வாஷர் செய்கிற ஒரு சின்ன கம்பெனியில் இருபது வருஷத்துக்கு மேலாகச் சோதனைப் பிரிவில் இருக்கிறேன். வாஷரை அழுத்திப் பார்ப்பேன், இழுத்துப் பார்ப்பேன், அளந்து பார்ப்பேன். சரியில்லை என்றால் சிவப்பு முத்திரை. என் கையால் தொட்டுப் பார்க்காமல் எதையும் தள்ளினதும் இல்லை, எதையும் அனுப்பினதும் இல்லை. சேர்ந்த புதிதில் எனக்குச் சொல்லிக் கொடுத்த ஒரே பாடம் அது.

இன்னொரு வழக்கமும் உண்டு. ஒவ்வொரு தடவை ஓட்டுகிற சரக்கிலும் இரண்டு வாஷரை எடுத்துத் தேதி எழுதி ஒரு பெட்டிக்குள் போட்டு வைப்போம். நாளைக்கு ஏதாவது புகார் வந்தால் எடுத்துப் பார்க்க. கைப்பழக்கம் எங்கே போகும்? அந்தச் சனிக்கிழமை மசியலிலும் ஒரு சின்ன டப்பா நிறைய எடுத்து, "சனி மாலை" என்று ஸ்டிக்கர் ஒட்டி, ஃப்ரிட்ஜில் பால் பாக்கெட்டுக்குப் பின்னால் மறைத்து வைத்தேன். யாழினி பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள்.

"அத்தை, இதுக்கு ஒரு சீல் மட்டும்தான் கொறச்சல்!"

சிரிக்கட்டும் என்று விட்டேன்.

வெற்றிலை வாங்கப் போனது

ஞாயிறு காலை ஆறு மணிக்கே வந்து நின்றேன். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பாயை விரித்தேன், சுருட்டினேன், மறுபடி விரித்தேன். இலையை எண்ணினேன். மதினியிடம் பருப்பு வெந்துவிட்டதா என்று கேட்டேன், இரண்டு நிமிஷத்தில் மறுபடி கேட்டேன். வேட்டி கட்டிக்கொண்டு கூடத்தில் உட்கார்ந்திருந்த அண்ணன் என்னைக் கூப்பிட்டார்.

"ஏத்தா, நீ இந்தா இப்படியும் அப்படியும் ஓடுறதப் பாத்தா எனக்குப் படபடன்னு வருது. வெத்தல பாக்கு வாங்கலேல்ல? போய் வாங்கிட்டு வா. மெதுவா வா."

ஸ்கூட்டியை எடுத்துக்கொண்டு நாகமலை புதுக்கோட்டைக்குப் போனேன். போகிறதற்கு முன்னால் இட்லிப் பானையில் தண்ணீர் ஊற்றி, சட்டியை இறக்கி, சின்னத் தீயில் வைத்து, மதினியிடம் அதைப் பார்த்துக்கொள்ளச் சொன்னேன். "கெளற மட்டும் செய்யுங்க. வேற ஒண்ணும் வேணாம்." மதினி தலையை ஆட்டினார். ஆட்டின மாதிரிதான் இருந்தது.

கடையில் வெற்றிலைக் கட்டைப் பிரித்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். அண்ணன் வாங்கிவரச் சொன்ன வெற்றிலை. அவர் இனி ஜென்மத்துக்கும் வாயில் வைக்க முடியாத வெற்றிலை. அதை நினைத்ததும் பார்த்தது போதும் என்று கட்டிக் கொடுக்கச் சொன்னேன்.

திரும்பி வந்து வாசலில் வண்டியை நிறுத்தும்போதே மூக்கில் ஏறியது. தாளிப்பு வாசம்.

எழவு வீட்டுச் சமையல்

உள்ளே ஓடினேன். அடுப்பு மேடையில் தாளிக்கிற கரண்டி இருந்தது. பக்கத்தில் கடுகு டப்பா, சீரக டப்பா, வற்றல் மிளகாய். சட்டியின் மூடியைத் திறந்தேன். என் வெள்ளை மசியல் இளமஞ்சள் நிறத்தில், மேலே நெய் மினுமினுக்க, எவனோ வீட்டுப் பண்டம் மாதிரி கிடந்தது.

"என்ன மதினி போட்டீங்க?"

"மஞ்சத்தூளு ஒரு சிட்டிகை. தாளிச்சு ஊத்துனேன். கேளு தவமணி, நான்..."

"என்னத்தக் கேக்குறது? படிச்சுப் படிச்சுச் சொன்னேன்ல? அண்ணன் வாயி என்ன ஆகுறது? எம்புட்டுக் கஷ்டப்பட்டுச் செஞ்சேன்! நாசமாக்கிட்டீங்களே!"

அப்படியெல்லாம் பேசியிருக்கக் கூடாது. மூத்தவர். ஆனால் பேசினேன். யாழினி வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள், அது தெரிந்தும் பேசினேன்.

மதினி சத்தம் போடுகிற ரகம் இல்லை. அடுப்பை அணைத்தார். முந்தானையில் கையைத் துடைத்தார்.

"நல்ல காரியம் நடக்குற வீடு இது. தாளிக்காத பண்டத்த எப்பிடி இலையில வைக்க? அவங்களும் நம்மள மாதிரி ஆளுகதான? என்ன நெனப்பாங்க?" என்றார். பிறகு குரல் இறங்கியது. "ஆறு மாசமாச்சு தவமணி. எம்புருசன் உசுரோட அந்தா உள்ள உக்காந்திருக்காரு. நான் எழவு வீட்டுல ஆக்குற மாதிரி ஆக்கிக்கிட்டு இருக்கேன். தெனமும் மூணு வேள. உனக்குத் தெரியுமா?"

எனக்குத் தெரியும். தெரியாமல் என்ன? எங்கள் அப்பா இறந்தபோது எனக்கு எட்டு வயசு இருக்கும். காரியம் முடிகிற வரைக்கும் அடுப்பில் எண்ணெய்ச் சட்டி ஏறக் கூடாது, கடுகு வெடிக்கிற சத்தம் வீட்டில் கேட்கக் கூடாது. வெறும் வெந்த பருப்பும் சோறும். காரியம் முடிந்த அன்று சாயங்காலம் அம்மா கடுகு போட்டுத் தாளித்தார். அந்தச் சத்தத்தைக் கேட்டு, அண்ணன் வெளியே விளையாடிக்கொண்டிருந்தவர் ஓடிவந்து அடுப்புப் பக்கத்தில் நின்றார். அவர் அழுதுகொண்டே சிரித்தது எனக்கு இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது.

இது எல்லாம் எனக்குள் இருந்ததுதான். ஆனால் சீட்டை லேமினேஷன் போடும்போது ஞாபகத்துக்கு வரவில்லை.

மதினி மறுபடி ஏதோ சொல்ல வந்தார். "போன தடவ டாக்டரு என்ன சொன்னாரு? காரமில்லாம வீட்டுச் சாப்பாடு பழகலாம்னாருல்ல? அதனாலதான் நான்..." அதற்குள் வாசலில் வேன் வந்து நின்ற சத்தம் கேட்டது. நான் அவர் முகத்தைக்கூடப் பார்க்காமல் ஃப்ரிட்ஜைத் திறந்தேன். பால் பாக்கெட்டுக்குப் பின்னால் கைவிட்டு டப்பாவை எடுத்தேன். "சனி மாலை". வெந்நீரில் வைத்து அவசரமாக இளக்கினேன். கலக்கும்போது என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன்.

பக்கத்து இலை

எல்லோரும் உட்கார்ந்தார்கள். சம்பந்தி ஒல்லியான மனுசர், வெயிலில் கறுத்த முகம், தும்பைப்பூ மாதிரி வேட்டி. அண்ணனைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து தன் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டார். அண்ணன் தோளில் ஒரு துண்டு. அவர் கூடத்தில் இலை முன்னால் உட்கார்ந்து ஆறு மாதம் ஆயிற்று. யாழினி கதவோரம் நின்று விரலை மடக்கி மடக்கிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நானே பரிமாறினேன். எல்லார் இலையிலும் மஞ்சள் மசியல். அண்ணன் இலைக்கு வந்ததும் சட்டிக்குப் பின்னால் மறைத்துப் பிடித்திருந்த டப்பாவிலிருந்து இரண்டு கரண்டி வெள்ளை. சடக்கென்று வைத்துவிட்டு நகர்ந்தேன்.

சுண்ணாம்பும் பெயிண்டும் பார்த்து முப்பது நாற்பது வருஷம் பழகின கண் அது. அதை ஏமாற்ற நினைத்த என்னை என்ன சொல்ல?

அண்ணன் தன் இலையைப் பார்த்தார். பக்கத்து இலையைப் பார்த்தார். சோற்றுக்கு மேலே போன கை அப்படியே நின்றது.

"ஏத்தா" என்றார், எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி. "இது என்ன?"

டப்பாவைச் சட்டிக்குப் பின்னால் இன்னும் தள்ளி மறைத்தேன்.

"நான் என்ன சொன்னேன்?"

"என்ன சம்மந்தி, கை வைங்க. நீங்க வச்சாத்தான நான் வைக்க?" என்றார் பக்கத்திலிருந்தவர் சிரித்துக்கொண்டே. அண்ணன் இடதுகையைப் பாயில் ஊன்றினார். எழுந்திருக்கப் போகிறார். பந்தி முழுவதும் பேச்சு அடங்கியது. சம்பந்தியின் சிரிப்பும் மெல்லக் குறைந்தது. யாழினி விரலை மடக்குவதை நிறுத்திவிட்டாள். ஐயோ, என் கையாலேயே யாழினி கல்யாணத்தைக் கெடுத்துவிட்டேனே.

மதினி சமையல்கட்டிலிருந்து வந்தார். என் கையிலிருந்த சட்டியை வாங்கினார். என்னைப் பார்க்கவில்லை. அண்ணன் எதிரே குனிந்து, அந்த வெள்ளைக்குப் பக்கத்தில் ஒரு பெரிய கரண்டி மஞ்சள் மசியலை வைத்தார்.

"மொளகா இல்ல. கடுகும் சீரகமும் பொரிச்சு, வெறும் நெய்ய மட்டும் வடிகட்டி ஊத்துனேன். திப்பி ஒண்ணு இருக்காது. சாப்பிடுங்க."

அண்ணன் அவரை நிமிர்ந்து பார்த்தார். பாயில் ஊன்றிய கையை எடுத்து மடியில் வைத்தார். வலதுகையால் ஒரு சின்ன உருண்டை எடுத்து, வாயைத் திறக்க முடிந்த அளவு திறந்து, உள்ளே வைத்தார்.

இருமல் வரும், முகம் சுளிக்கும், எழுந்து ஓடுவார் என்று காத்திருந்தேன். ஒன்றும் வரவில்லை. கண்ணை மூடிக்கொண்டு மெதுவாக அசைபோட்டார். கடைவாயில் கொஞ்சம் வழிந்தது. பதினைந்து பேர் முன்னால் வழிந்தது. அவர் துண்டை எடுக்கவில்லை.

கண்ணைத் திறந்து மதினியைப் பார்த்துச் சொன்னார்.

"இப்பத்தான் பூச்சு வேல முடிஞ்சிருக்கு. இன்னும் கொஞ்சம் வையி."

சம்பந்தி கை வைத்தார். பந்தி முழுக்கக் கை வைத்தது. "என்னம்மா இது, வாயில வச்சா வெண்ணெயாக் கரையுது? எங்க வீட்டம்மாவுக்குச் சொல்லிக் குடுங்க" என்று அவர் மதினியிடம் கேட்டதும், மதினி முதல் தடவையாகச் சிரித்ததும், யாழினி ஓடிப்போய் உள்ளறையில் அழுததும் எல்லாம் பிறகு நடந்தது. அண்ணன் இலையில் அந்த வெள்ளை மசியல் மட்டும் வைத்தது வைத்தபடி கிடந்தது.

கடைசிப் பந்தி

எல்லோரும் வெற்றிலை போட்டுக்கொண்டு கூடத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் சமையல்கட்டுக்குப் போனேன். பாத்திரம் கழுவுகிற தொட்டியில் டீ வடிகட்டி கிடந்தது. அதற்குள் பொரிந்த கடுகும் சீரகமும் கருகிய கறிவேப்பிலையும். விரலால் கிளறிப் பார்த்தேன். ஒரு மிளகாய் விதைகூட இல்லை. மேடையில் கிடந்த வற்றல் சாம்பாருக்கானது.

காலி சட்டியின் ஓரத்தை வழித்து நாக்கில் வைத்தேன். அப்போதுதான் உறைத்தது. காலையில் மூடியைத் திறந்தேன், நிறத்தைப் பார்த்தேன், கத்தினேன். ஒரு சொட்டு எடுத்து வாயில் வைத்துப் பார்க்கவில்லை. இருபது வருஷத்தில் ஒரு வாஷரைக்கூட நான் அப்படித் தள்ளியதில்லை.

கடைசியாக நானும் மதினியும் எதிரெதிரே இலை போட்டு உட்கார்ந்தோம். மசியல் தீர்ந்துபோயிருந்தது. டப்பாவில் மட்டும் மிச்சம் இருந்தது. வீணாக்க மனசில்லாமல் அதை என் இலையில் கவிழ்த்தேன்.

ஒரு வாய் சாப்பிட்டேன். ஆறு மாதமாக உப்புப் பார்க்க நுனி நாக்கில் வைத்ததோடு சரி, முழு வாய் சாப்பிட்டதே இல்லை. வெண்ணெய் இருந்தது, க்ரீம் இருந்தது, பதம் அருமையாக இருந்தது. இரண்டாவது வாய் இறங்கவில்லை. இதைத்தான் ஒரு மனுசன் மூன்று வேளையும் கதவைச் சாத்திக்கொண்டு சாப்பிட்டான். அவனுக்கு இதை ஆக்கிக் கொடுத்தவளை நினைத்ததும் கண்ணீர் வந்துவிட்டது. எங்கள் வீட்டில் மன்னிச்சிருங்க என்று யாரும் சொல்லிப் பழக்கமில்லை. எனக்கும் சொல்ல வரவில்லை. குனிந்துகொண்டு மூன்றாவது வாயை உருட்டினேன்.

மதினி எச்சில் கையை உதறிவிட்டு எழுந்தார்.

"வையி அத. சும்மா கெட. தாளிச்சுத் தாரேன்."

கையைக் கழுவி, அடுப்பைப் பற்றவைத்து, கரண்டியில் நெய்யை ஊற்றினார். நெய் காய நேரமாயிற்று. மதினி அவசரப்படவில்லை. நானும், என் வாழ்க்கையில் முதல் தடவையாக, எழுந்து போய் எட்டிப் பார்க்காமல், கடுகு வெடிக்கட்டும் என்று இலை முன்னால் உட்கார்ந்திருந்தேன்.